வாவியின் ஒழுங்கில் ஒரு நாள்: மட்டக்களப்பு நகரை வழிகாட்டியோடு பார்த்தல்

மட்டக்களப்பு நகரை ஒரே நாளில் சுற்றிக்காட்டும் பயணங்கள் பெரும்பாலும் ஒல்லாந்தர் கோட்டையில் தொடங்குகின்றன. வரைபடத்தில் கண்ணுக்குப் படுவதும், பயண நூல்கள் முதலில் சொல்வதும் அந்தக் கோட்டைதான். ஆனால் கோட்டை வருவதற்கு வெகுகாலம் முன்னரே ஊர் இருந்தது. அந்த ஊரை ஆக்கியது வாவி. ஆகவே நகருக்குத் தெற்கே, கடலுக்கும் வாவிக்கும் நடுவே கிடக்கும் நாவற்குடாவில் தொடங்கி, பாலம் கடந்து புளியந்தீவைப் பார்த்து, முகத்துவாரம் வரை போய், அந்தியில் அதே கரைக்குத் திரும்புகிற பயணமே ஊரைச் சரியான வரிசையில் காட்டும். கோட்டைக்கு அதில் முற்பகலில் ஒரு மணி நேரம் ஒதுக்கினால் போதும்.

மட்டக்களப்பு வாவி கரையோரத்துக்கு இணையாக வடக்குத் தெற்காக ஏறத்தாழ 56 கிலோமீற்றர் நீண்டு கிடக்கிறது. அதன் கிழக்கே கடலை ஒட்டிய ஒடுங்கிய மணல் நிலம் எழுவான்கரை. மேற்கே வயலும் காடும் விரிந்த நிலம் படுவான்கரை. எழுவான்கரையில் மீனும் கடையும் பள்ளிக்கூடமும், படுவான்கரையில் நெல்லும் எருமைத் தயிரும் என்று இரு கரையும் நெடுங்காலமாக ஒன்றுக்கொன்று கொடுத்து வாங்கி வந்திருக்கின்றன. நகரிலிருந்து தெற்கே கல்முனை வீதியில் போனால் கல்லடி, நொச்சிமுனை, நாவற்குடா, மஞ்சந்தொடுவாய், காத்தான்குடி என ஊர்கள் இடைவெளியே இல்லாமல் வரும். நாவற்குடாவில் பிரதான வீதியிலிருந்து கிழக்கே திரும்பும் ஒழுங்கை கடலில் முடியும். மேற்கே திரும்பினால் வாவி. இரண்டையும் காலைச் சாப்பாட்டுக்கு முன் கால்நடையாகவே பார்த்துவிடலாம். நல்ல வழிகாட்டி இந்த நடையைத் தவறவிடமாட்டார். இரண்டு நீருக்கு நடுவில் ஊர் எவ்வளவு ஒடுங்கியது என்பது காலுக்குப் புரிந்தால்தான் பிறகு சொல்லப்போகும் 2004ஆம் ஆண்டின் கதை மனதில் நிற்கும்.

அந்த ஆண்டு டிசம்பர் 26ஆம் திகதி வந்த ஆழிப்பேரலை இந்த மணல் நிலத்தை மிகக் கடுமையாகத் தாக்கியது. நாவலடி, டச்பார், திருச்செந்தூர், கல்லடிக் கடலோரம் எங்கும் வீடுகள் அடியோடு போயின. கல்லடியில் கடற்கரையை ஒட்டியிருந்த திருச்செந்தூர் முருகன் ஆலயத்தின் சிறு கோபுரம் இடிந்து விழாமல் ஒரு பக்கம் சாய்ந்து நின்றது. பேரலையின் விசையைச் சொல்ல வழிகாட்டிகள் நெடுநாள் காட்டிவந்த இடம் அது. அதே கடற்கரையில் நின்று கிழக்கே பார்த்தால் வெறும் நீர்தான் தெரியும். ஆனால் கரையிலிருந்து சில கடல் மைல் தொலைவில், ஐம்பது மீற்றருக்கும் அதிக ஆழத்தில், பிரித்தானிய விமானந்தாங்கிக் கப்பலான ஹேர்மிஸ் மூழ்கிக் கிடக்கிறது. 1942 ஏப்ரல் 9ஆம் திகதி யப்பானிய விமானங்கள் குண்டுவீசி அதை மூழ்கடித்தன. அதில் முந்நூறுக்கு மேற்பட்டோர் இறந்தனர். ஆழ்கடல் முக்குளிப்பில் தேர்ந்தவர்கள் மட்டுமே அதைப் போய்ப் பார்க்க முடியும். மற்றவர்களுக்கு அது கரையில் நின்று கேட்கும் கதை.

நாவற்குடாவிலிருந்து வடக்கே வரும்போது அடுத்து நின்று பார்க்க வேண்டிய இடம் கல்லடி உப்போடை. காரைதீவில் 1892இல் பிறந்த சுவாமி விபுலாநந்தர் 1929இல் தொடங்கிய சிவானந்த வித்தியாலயமும் அவருடைய சமாதியும் இங்கே உள்ளன. அண்ணாமலைப் பல்கலைக்கழகத்தின் முதல் தமிழ்ப் பேராசிரியர் அவர். பின்னர் இலங்கைப் பல்கலைக்கழகத்திலும் அதே பொறுப்பை ஏற்றார். வழக்கொழிந்துபோன பழந்தமிழ் யாழ்களின் அமைப்பையும் சுரங்களையும் கணக்கிட்டு அவர் எழுதிய 'யாழ்நூல்' 1947 யூன் மாதம் தமிழ்நாட்டில் திருக்கொள்ளம்பூதூரில் அரங்கேறியது. அடுத்த மாதமே, யூலை 19ஆம் திகதி, அவர் மறைந்தார். மட்டக்களப்பு வாவியிலிருந்து எழும் இசையை வைத்து 'நீரரமகளிர்' என்று அவர் பாடியிருப்பதால், இரவில் வாவியில் தோணி ஏற இருப்பவர்கள் காலையில் இங்கே வந்துவிட்டுப் போவதில் பொருத்தம் உண்டு. கிழக்குப் பல்கலைக்கழகத்தின் அழகியற் கற்கைகள் நிறுவகமும் அவர் பெயரில் இதே பகுதியில் இயங்குகிறது. வடமோடி, தென்மோடிக் கூத்துகளைப் பற்றிக் கேள்வி உள்ளவர்கள் அவற்றை வழிகாட்டியிடம் இங்கே கேட்கலாம். கூத்தை நேரில் பார்க்க ஒரு பகல் போதாது; அதற்கு இரவு விழிக்க வேண்டும், அதுவும் ஆட்டம் நடக்கும் காலத்தில் வந்திருக்க வேண்டும்.

கல்லடியில் இன்று இரண்டு பாலங்கள் அருகருகே நிற்கின்றன. இரும்பாலான பழைய பாலம் 1920களில் கட்டப்பட்டு, அப்போதைய தேசாதிபதி வில்லியம் மானிங்கின் மனைவி பெயரில் 'லேடி மானிங் பாலம்' எனப்பட்டது. பஸ் வந்தால் எதிரில் வருபவர் கரையில் காத்து நிற்க வேண்டிய அளவு ஒடுங்கிய பாலம் அது. யப்பானிய உதவியோடு கட்டிய புதிய பாலம் 2013இல் திறக்கப்பட்டது. வாகனத்தில் போனால் அரை நிமிடத்தில் பாலம் முடிந்துவிடும். வாவியைப் பார்க்க நடக்க வேண்டும், அல்லது துவிச்சக்கர வண்டியில் போக வேண்டும். மேடுபள்ளம் இல்லாத ஊர் என்பதால் மட்டக்களப்பைச் சுற்ற துவிச்சக்கர வண்டிதான் ஏற்ற வாகனம். வெயில் தாங்காதவர்களுக்கு ஓட்டோ இருக்கிறது.

வாவிக்குள் இருக்கும் தீவான புளியந்தீவுதான் பழைய நகரம். கோட்டை, தேவாலயங்கள், பழைய பள்ளிக்கூடங்கள் எல்லாம் நடந்தே பார்க்கக்கூடிய தூரத்தில் இங்கே நெருங்கி நிற்கின்றன. வழிகாட்டி இல்லாமலே பார்க்கலாம் என்று தோன்றும், பார்க்கவும் செய்யலாம். ஆனால் இந்தத் தீவில் நடந்தவை கல்வெட்டில் எழுதியிருப்பதைவிடச் சுவையானவை.

1602 மே 31ஆம் திகதி யோரிஸ் வான் ஸ்பில்பேர்கன் என்ற ஒல்லாந்தக் கப்பல் தலைவர் மட்டக்களப்புக் கரைக்கு வந்து சேர்ந்தார். கண்டி மன்னன் முதலாம் விமலதர்மசூரியனைச் சந்திக்க இங்கிருந்தே அவர் மலைநாட்டுக்குப் போனார். ஒல்லாந்தருக்கும் இலங்கைக்குமான உறவின் தொடக்கம் அது. அடுத்த ஆண்டு வந்த செபால்ட் டி வேர்ட் அதே மன்னனோடு பகைத்துக்கொண்டு மட்டக்களப்பிலேயே கொல்லப்பட்டார். பிறகு போர்த்துக்கேயர் முந்திக்கொண்டனர். அவர்களுடைய தேசாதிபதி கொன்ஸ்தந்தீனு டி சா 1620களின் பிற்பாதியில் புளியந்தீவில் கோட்டை எழுப்பினார். கண்டி அரசுக்குக் கிழக்குத் துறைமுகங்கள் வழியாக வெளியுதவி வராமல் தடுப்பதே நோக்கம். பத்தாண்டுதான் அது நிலைத்தது. இரண்டாம் இராஜசிங்கன் ஒல்லாந்தரைத் துணைக்கு அழைத்தான். அடம் வெஸ்டர்வோல்ட் தலைமையில் வந்த கப்பற்படை 1638 மே 18ஆம் திகதி கோட்டையைப் பிடித்தது. இலங்கையில் ஒல்லாந்தர் கைப்பற்றிய முதல் போர்த்துக்கேயக் கோட்டை இதுவே.

ஐந்து நாள் கழித்து மன்னனுக்கும் ஒல்லாந்தருக்கும் இடையே ஓர் ஒப்பந்தம் எழுதப்பட்டது. கைப்பற்றும் கோட்டைகளில் ஒல்லாந்தர் படை வைத்துக்கொள்வது பற்றிய பிரிவில், மன்னன் விரும்பினால் மட்டுமே அப்படிச் செய்யலாம் என்ற நிபந்தனை மன்னனுடைய பிரதியில் இருந்தது. ஒல்லாந்தர் பிரதியில் அது இல்லை. பின்னர் இரு தரப்புக்கும் மூண்ட நீண்ட பிணக்குக்கு இந்த விடுபாடும் ஒரு காரணம். கோட்டைச் சுவர்களின் கனத்தையும் பீரங்கிகளின் எண்ணிக்கையையும் ஒப்புவிக்கும் வழிகாட்டியைவிட, இந்தக் கதையைச் சுவர் மேல் நின்று சொல்லும் வழிகாட்டிக்கே கொடுத்த பணம் தகும்.

இதே காலத்தில் ஒல்லாந்தரின் கிழக்கிந்தியக் கம்பனி யப்பானிலும் ஒரு தீவில் குடியேறியது. நாகசாகித் துறைமுகத்தில் போர்த்துக்கேயரை அடக்கி வைப்பதற்காக 1630களில் மண் கொட்டி உருவாக்கிய டெஜிமா என்ற விசிறி வடிவச் சிறு தீவு அது. 1639இல் யப்பானிய ஆட்சியாளர் போர்த்துக்கேயரை வெளியேற்றினர். 1641இல் ஒல்லாந்தர் அங்கே மாற்றப்பட்டனர். இரண்டு இடத்திலும் போர்த்துக்கேயர் போன வீட்டில் ஒல்லாந்தர் புகுந்தனர். வேறுபாடு, கதவின் சாவி யாரிடம் இருந்தது என்பதில்தான். டெஜிமாவில் பாலத்தைக் காவல் காத்தவர்கள் யப்பானியர். உள்ளே இருந்த ஒல்லாந்தர் அனுமதியின்றி வெளியே வர முடியாது. புளியந்தீவில் சாவி, மேலே சொன்ன ஒப்பந்தத்தின் விடுபட்ட வரியோடு கைமாறிவிட்டது.

இன்று காணப்படும் கோட்டை ஒல்லாந்தர் திருத்திக் கட்டியது. நான்கு கொத்தளங்கள், இரு பக்கம் வாவியே அரண், மற்ற இரு பக்கம் அகழி. 1795இல் பிரித்தானியர் கைக்குப் போனது. பின்னர் நெடுங்காலம் உள்ளே கச்சேரி எனப்படும் அரசாங்க அலுவலகம் இயங்கியதால், மட்டக்களப்பாருக்குக் கோட்டை என்றால் காணி உறுதி, பிறப்புச் சான்றிதழ், வரிசை என்ற நினைவுதான் முதலில் வரும். ஒரு நினைவுச்சின்னம் உயிரோடு இருந்ததற்கு அதுவும் ஓர் அடையாளம். மதில் மேல் ஏறி வாவியைப் பார்த்தால், இந்த இடத்தை ஏன் தேர்ந்தெடுத்தார்கள் என்பது சொல்லாமலே விளங்கும்.

ஒல்லாந்தர் விட்டுப்போனதைவிடப் போர்த்துக்கேயர் விட்டுப்போனது இந்த ஊரில் ஆழமாக ஊன்றியிருக்கிறது. மட்டக்களப்பில் வாழும் பறங்கியர் சமூகத்தின் முதியவர்கள் சிலர் இன்றும் போர்த்துக்கேயக் கலப்பு மொழி ஒன்றை வீட்டில் பேசுகிறார்கள். கலியாண வீடுகளில் வயலினோடும் மேளத்தோடும் ஆடும் கப்ரிஞ்ஞா ஆட்டமும் அவர்களிடம் எஞ்சியிருக்கிறது. தச்சு, கொல்லுவேலை, தையல் போன்ற கைத்தொழில்களில் பெயர் பெற்ற சமூகம் இது. டச்பாரில் இருந்த அவர்களுடைய குடியிருப்பை ஆழிப்பேரலை வாரிக்கொண்டு போனது. மொழி தெரிந்த முதியவர்கள் பலரும் அன்று போய்விட்டனர். பயணத்தில் பறங்கியர் ஒருவரோடு அரை மணி நேரம் பேச ஏற்பாடு செய்ய முடிந்தால், கோட்டையில் செலவிடும் நேரத்தைத் தாராளமாகக் குறைத்துக்கொள்ளலாம்.

காந்தி பூங்காவை ஒட்டி, வாவிக் கரையில் 'மட்டக்களப்பு வாயில்' என்ற வளைவு நிற்கிறது. மெதடிஸ்த மிஷனரி வில்லியம் ஓல்ட் 1814இல் படகில் வந்து இறங்கிய துறை இது. அருகில் அவருடைய சிலையும் உண்டு. இங்கிலாந்திலிருந்து இலங்கைக்குப் புறப்பட்ட மெதடிஸ்த மிஷனரிகளின் முதல் குழுவின் தலைவர் தோமஸ் கோக் கடலிலேயே இறந்துபோனார். எஞ்சியவர்கள் இலங்கையில் ஆளுக்கொரு ஊராகப் பிரிந்தனர். மட்டக்களப்பு ஓல்டின் பங்குக்கு வந்தது. வந்து ஓராண்டு நிறையுமுன், 1815 ஏப்ரலில், அவர் இங்கேயே இறந்தார். அதற்குள் அவர் தொடங்கிய பள்ளிக்கூடமே இன்றைய மெதடிஸ்த மத்திய கல்லூரி. சற்றுத் தள்ளி இருக்கும் புனித மிக்கேல் கல்லூரி 1873இல் தோன்றியது. பிரெஞ்சு யேசு சபைக் குருமாரும், இரண்டாம் உலகப் போருக்குப் பின் அமெரிக்கக் குருமாரும் அதை நடத்தினர். இந்த ஊருக்குக் கூடைப்பந்து மோகம் எப்படி வந்தது என்பதற்கான விடை அந்த அமெரிக்கர்களிடம்தான் இருக்கிறது. அவர்களில் ஒருவரான யூஜின் ஹேபர்ட் அடிகளார் ஒரு தலைமுறை மாணவர்களுக்குக் கூடைப்பந்து கற்றுக்கொடுத்தவர். 1990 ஆகஸ்ட் 15ஆம் திகதி வாழைச்சேனையிலிருந்து நகருக்குத் திரும்பும் வழியில் அவர் காணாமற்போனார்.

இந்த இடத்தில் வழிகாட்டியின் வேலை கடினமாகிறது. உள்நாட்டுப் போர்க்காலத்தின் தடங்கள் நகரெங்கும் உள்ளன. எல்லாவற்றுக்கும் பலகை இல்லை. 1990 ஆகஸ்ட் 3ஆம் திகதி காத்தான்குடிப் பள்ளிவாசல்களில் தொழுகையில் நின்ற நூற்றுக்கும் மேற்பட்டோர் சுட்டுக் கொல்லப்பட்டனர். அடுத்த மாதம் நகரின் வடக்கே சத்துருக்கொண்டானில் பெண்களும் குழந்தைகளும் உட்பட நூற்றெண்பதுக்கும் மேற்பட்ட தமிழ்க் கிராமத்தவர் கொல்லப்பட்டனர். போர் முடிந்த பின்னரும், 2019 ஏப்ரல் 21, உயிர்த்த ஞாயிறன்று, நகரின் சீயோன் தேவாலயத்தில் குண்டு வெடித்து, ஞாயிறு மறைக்கல்வி முடித்து வந்த பிள்ளைகளும் பலியாகினர். ஒன்றைச் சொல்லி மற்றதை விடும் வழிகாட்டி ஊரைக் காட்டியவர் ஆகமாட்டார். இவற்றை ஒளிப்படம் எடுக்கும் இடங்களாக நடத்துவது முறையல்ல. கேட்பவர் கேட்டால் சொல்வதும், சுருக்கமாகச் சொல்வதும், உறவினர் எவரும் அருகில் நிற்கிறார்களா என்று பார்த்துச் சொல்வதும் இந்தத் தொழிலில் பழகிக்கொள்ள வேண்டியவை.

மதியச் சாப்பாடு வாவி தருவதாக இருக்க வேண்டும்: நண்டு, இறால், அன்று வலையில் பட்ட மீன். கடைசியில் எருமைத் தயிரும் பாணியும். வந்தவரைப் பாயோடு ஒட்டவைக்கும் ஊர் என்று மட்டக்களப்பைப் பற்றி யாழ்ப்பாணத்தில் ஒரு பேச்சு உண்டு. மந்திரத்தால் என்பார்கள் அவர்கள். சாப்பாட்டுக்குப் பின் வரும் உறக்கத்தைப் பார்த்தால் மந்திரம் தேவையில்லை என்று தோன்றும். ஆனி, ஆடி மாதங்களில் கச்சான் காற்று அனலாக வீசும். பகல் பன்னிரண்டுக்கும் மூன்றுக்கும் இடையில் எவரையும் வெளியில் நடத்திக் கூட்டிச்செல்லாதிருப்பதே நல்லது.

பிற்பகலில் வடக்கே அமிர்தகழி. அங்குள்ள மாமாங்கேஸ்வரர் ஆலயத்தின் தீர்த்தக் குளத்தை இராமாயணத்தோடும் அனுமனோடும் சேர்த்துச் சொல்லும் ஐதிகம் உண்டு. ஆடி அமாவாசைத் தீர்த்தத்தன்று, இறந்த முன்னோருக்குக் கடன் செய்யத் தொலைதூர ஊர்களிலிருந்தும் மக்கள் வந்து குளம் நிறைந்துவிடும். அன்று வருபவர்கள் மற்ற இடங்களைப் பார்க்கலாம் என்ற எண்ணத்தைக் கைவிட்டுக் கோயிலிலேயே நாளைக் கழிக்கலாம். அதற்கும் அப்பால் பாலமீன்மடுவில், வாவி கடலோடு கலக்கும் முகத்துவாரத்தின் அருகே, 1913இல் கட்டிய வெளிச்சவீடு நிற்கிறது. உயரம் 28 மீற்றர். இங்கிருந்து படகில் கண்டல் காட்டுக்குள் போய் வரலாம். மழைக்காலத்தில் வெள்ளம் ஏறும்போது முகத்துவாரத்தின் மணலை வெட்டி நீரைக் கடலுக்கு விடுவார்கள். எப்போது வெட்டுவது என்பதில் வயல்காரரின் கணக்கும் மீன்பிடிகாரரின் கணக்கும் எப்போதும் ஒத்துப்போவதில்லை.

மாலையில் மறுபடியும் பாலம் கடந்து தெற்கே வந்தால் நாவற்குடாவைத் தாண்டிக் காத்தான்குடி. வீதி நடுவே பேரீச்ச மரங்கள், இரு பக்கமும் புடவைக் கடைகள், ஒழுங்கைக்கு ஒழுங்கை பள்ளிவாசல். கிழக்கு முஸ்லிம்களின் வாழ்க்கையையும் தொழில்களையும் ஆளுயர உருவங்களாகச் செய்து வைத்திருக்கும் அருங்காட்சியகம் ஒன்றும் இங்கே உள்ளது. எழுவான்கரையில் தமிழ் ஊரும் முஸ்லிம் ஊரும் மாறி மாறி வருவதைப் பிட்டும் தேங்காய்ப்பூவும் போல என்பது இந்தப் பக்கத்து வழக்கு. தாய்வழிக் குடிமுறை, பெண்ணுக்கு வீடு கொடுத்துக் கலியாணம் செய்யும் வழக்கம் ஆகியவை இரு சமூகத்துக்கும் பொதுவாக இருப்பதை வழிகாட்டி இங்கே சொன்னால், கேட்பவர்கள் அந்த உவமையை வெறும் பேச்சாக எடுத்துக்கொள்ளமாட்டார்கள். வெள்ளிக்கிழமை நண்பகலில் கடைகள் அடைத்திருக்கும். அந்த நேரத்தில் அங்கே போய்ப் பயனில்லை.

கடைசியாகப் பாடும் மீன். நிலவு முழுதாக இருக்கும் இரவுகளில், காற்றடங்கிய பின், கல்லடிப் பாலத்துக்கு அருகே தோணியை நிறுத்தித் துடுப்பின் ஒரு முனையை நீரில் வைத்து, மறுமுனையில் காதை வைத்தால், தந்தியை மீட்டுவது போன்ற மெல்லிய ஒலி கேட்கும் என்பார்கள். ஏப்ரல் தொடக்கம் செப்டம்பர் வரையான வறண்ட மாதங்களே அதற்கு ஏற்ற காலம். 1848இல் இங்கே வந்த பிரித்தானிய அதிகாரி எமேர்சன் டெனன்ட் அந்த ஒலியைத் தாமே கேட்டதாக எழுதினார். அவரிடம் மீனவர்கள் கைகாட்டியது மீனை அல்ல, ஊரி எனும் சிறு நத்தையை. புனித மிக்கேல் கல்லூரியைச் சேர்ந்த அமெரிக்கக் குரு லாங் 1950களில் நீருக்குள் ஒலிவாங்கி இறக்கி அதைப் பதிவு செய்தார். மீனா, நத்தையா என்ற வழக்கு இன்னும் தீரவில்லை. எந்த வழிகாட்டியும் ஒலிக்கு உத்தரவாதம் தரமுடியாது. இயந்திரப் படகுகளின் இரைச்சலும் நகரின் சத்தமும் கூடிய பின் கேட்பது அரிதாகிவிட்டது. 'கட்டாயம் கேட்கும்' என்று சொல்லிப் பணம் வாங்குபவரிடம் எச்சரிக்கையாக இருப்பது நல்லது.

வழிகாட்டியைத் தேர்ந்தெடுப்பதும் ஒரு வேலைதான். இலங்கையில் சுற்றுலா அபிவிருத்தி அதிகாரசபை நாடு முழுதுக்குமான வழிகாட்டி, சாரதி வழிகாட்டி, பிரதேச வழிகாட்டி, குறித்த ஓர் இடத்துக்கான வழிகாட்டி எனத் தரம் பிரித்து உரிமம் கொடுக்கிறது. கொழும்பிலிருந்து கூட வரும் சாரதி வழிகாட்டி சீகிரியாவை நன்றாகச் சொல்வார். புளியந்தீவின் ஒழுங்கைகளுக்கு உள்ளூரவரே தேவை. உரிமத்துக்கு அப்பாலும் வழி உண்டு என்பதற்கு யப்பான் ஓர் எடுத்துக்காட்டு. அங்கே வெளிநாட்டு மொழியில் கட்டணம் வாங்கி வழிகாட்ட 1949ஆம் ஆண்டின் சட்டப்படி தேசிய உரிமம் கட்டாயமாக இருந்தது. 2018இல் அந்தக் கட்டாயம் நீக்கப்பட்டது. அதற்கு முன்னரே, 2006இல், நாகசாகி நகரம் தன் குடிமக்களையே வழிகாட்டிகளாக்கி, தெருத்தெருவாக நடந்து பார்க்கும் 'சருகு' நடைகளைத் தொடங்கியிருந்தது. கடைக்காரரும் ஓய்வுபெற்ற ஆசிரியரும் தங்கள் தெருவைத் தாங்களே சொல்லும் முறை அது. மட்டக்களப்பில் அதற்குத் தேவையான ஆட்களுக்குக் குறைவில்லை. கூத்து அண்ணாவிமார், பறங்கித் தச்சர், தோணிக்காரர், ஓய்வுபெற்ற தமிழ் வாத்திமார் எல்லாரும் இருக்கிறார்கள். அவர்களை ஒரு நாளின் ஒழுங்கில் கோக்கும் அமைப்புத்தான் இன்னும் வலுப்பெற வேண்டும்.

கொழும்பிலிருந்து பகலில் வரும் உதயதேவி ரயில் பிற்பகலில்தான் மட்டக்களப்பை அடையும் என்பதால் சுற்றுலா மறுநாள்தான் தொடங்க முடியும். இரவு ரயிலில் வந்தால் விடியலில் இறங்கி அன்றே தொடங்கலாம். கோயிலுக்குள் செருப்பும் தொப்பியும் ஆகாது. பள்ளிவாசலுக்கும் கோயிலுக்கும் தோளும் முழங்காலும் மறைந்த உடை வேண்டும். ஐப்பசி தொடக்கம் தை வரை வாடைக் காற்றோடு மழை. அப்போது வாவியில் தோணி ஓட்டம் குறையும், கண்டல் காட்டுப் பயணம் பல நாள் நடக்காது. அந்த மாதங்களில் வருபவர்கள் புளியந்தீவையும் காத்தான்குடியையும் மழைக்கு இடையிடையே பார்த்து, வாவியைக் கல்லடிப் பாலத்தில் நின்று பார்த்துக்கொள்ள வேண்டியதுதான்.